நின்றுகொண்டே இருப்பவள்

மார்ச் 3

சொல்லாமல் கொள்ளாமல் கிளம்பும் கலையில் உலகப் பட்டம் வென்றவளும், என் அக்காள் பெற்ற ஒரே அருந்தவப் புதல்வியுமாகிய வாலுவுக்கு,

ரெக்சின் ராஜ்ஜியத்தின் ஏகச் சக்கரவர்த்தி, பேருந்து இருக்கைகளின் பிதாமகன், உன் தாய்மாமன், புலி கடித்த கையாலேயே எழுதிக்கொள்வது. இவ்விடம் அனைவரும் நலம் என்று தொடங்கத்தான் பேனாவை எடுத்தேன். பேனா மறுத்துவிட்டது.

சமையலறை மேசைமேல் நீ வைத்துவிட்டுப் போன காகிதத்தில் இரண்டே வரி. ‘மடத்தில் சேர்கிறேன். தேட வேண்டாம்.’ மளிகைக் கடைக்குச் சீட்டு எழுதினால்கூட நீ அதைவிட நீளமாக எழுதுவாய். உன் அம்மா அழவில்லை. அழுதிருந்தால் நான் நாலு கதை விட்டுச் சமாளித்திருப்பேன். அவள் காலையிலிருந்து குளியலறைக் கதவைத் துடைத்துக்கொண்டிருக்கிறாள். அதில் இனித் துடைக்க ஒன்றும் இல்லை, பெயின்டைத் தவிர.

நீ போயிருக்கும் இடத்தைத் துப்பறிந்து என் ஒற்றர் படை (என் தையல் கடைக்கு வண்டி சீட் மாற்ற வந்த லாரி டிரைவர்) திரட்டிய தகவல்: “அண்ணே, அவங்க இல்லாத மரத்துக்குத் தண்ணி ஊத்துறவங்க. நாம எல்லாரும் சேந்து சொன்னா உலகமே மாறிடும்னு நம்புற கூட்டம்.” நான் சிரித்த சிரிப்பில் தையல் மிஷினின் ஊசி இரண்டாக முறிந்தது. பிறகு யோசித்தேன். இல்லாத மரம் பரவாயில்லை, நிழல் விழுந்தால் போதும். அந்த மரத்துப் பழம் ஒரு கூடை எனக்கு அனுப்பு. கூடையாவது நிஜமாக இருக்கட்டும்.

மாத்திரை டப்பாவை நீ எடுத்துப் போயிருக்கிறாய். அலமாரியில் அது இல்லாததைப் பார்த்த பிறகுதான் என் பாதி உயிர் திரும்பி வந்தது. மீதிப் பாதி உன் பதில் கடிதத்தில் வரட்டும்.

உன் மாமன்


மார்ச் 14

மாமா,

உங்கள் கடிதத்தை மதியம் மரநிழலில் உட்கார்ந்து படித்தேன். ஆமாம், அந்த மரம்தான். வெயில் சுள்ளென்று அடித்தது, ஆனால் பக்கத்தில் உட்கார்ந்திருந்த யாரும் கண்ணைச் சுருக்கவில்லை. கொஞ்ச நேரத்தில் நானும் சுருக்கவில்லை.

லாரி டிரைவர் சொன்னது பெரும்பாலும் சரி. உலகம் இன்னும் காயாத பூச்சு என்பதுதான் இங்கே அடிப்படை. ஒருவர் விரல் வைத்தால் தடம் விழும், மறையும். எல்லாரும் ஒரே இடத்தில் ஒரே மாதிரி கை வைத்தால் அந்த வடிவமே தங்கிவிடும். மாலையில் கூடத்தில் கூடுகிறோம். தலைவரை மூத்தவர் என்று அழைக்கிறோம். ஒரு பொருள் எப்படி இருக்கிறது என்று அவர் சொல்வார். நாங்கள் திரும்பச் சொல்வோம். அதற்குப் பிறகு எல்லாரும் அப்படியே நடந்துகொள்வோம். இதற்குப் பெயர் நிலைநாட்டல்.

கூடத்தின் வடக்குப் பக்கம் முன்பு ஒரு கதவு இருந்ததாம். அடியிலிருந்து குளிர்காற்று வந்ததால் பல வருஷத்துக்கு முன்பே அதைச் சுவர் என்று நிலைநாட்டிவிட்டார்கள். செங்கல் வைக்கவில்லை, ஆணி அடிக்கவில்லை. சுவருக்கு எதற்கு ஆணி? வந்த முதல் நாள் அங்கே ஒரு தாழ்ப்பாளைப் பார்த்தேன். இப்போது தேடினாலும் கண்ணில் படவில்லை. சிரிக்காதீர்கள், ஊசி விலை ஏறிவிட்டது.

ஏன் வந்தேன் என்று நீங்கள் கேட்கவில்லை. கேட்காததால் சொல்கிறேன். கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்த்துக்கொண்டிருந்தபோது வலிப்பு வந்து அலமாரியோடு விழுந்தேன் அல்லவா? முதலாளி திட்டவில்லை. “நீ சும்மா உக்காந்திரும்மா, எதையும் தொட வேண்டாம்” என்றார். அதற்குப் பிறகு கடையில் எல்லாருக்கும் ஒரு கண் வேலையில், ஒரு கண் என்மேல். வீட்டில் அம்மாவுக்கு இரண்டு கண்ணும் என்மேல். நான் குளிக்கும்போது தாழ் போடக் கூடாது. கதவுக்கு வெளியே அவள் மூச்சுவிடும் சத்தம் எனக்குக் கேட்கும். இங்கே குளியலறைக்குத் தாழ்ப்பாள் இருக்கிறது. போடுகிறேன். அவ்வளவுதான் காரணம். பெரிய காரணம் எதையும் தேடாதீர்கள்.

அடுத்த வாரம் என்னை நிலைநாட்டுகிறார்கள். ‘இவள் விழுவதில்லை.’ அதன் பிறகு மாத்திரை கிடையாது. மாத்திரை விழுங்குவது, நான் விழுகிறவள் என்று தினமும் எனக்கு நானே சொல்லிக்கொள்வதாம்.

கோபப்படும் முன் யோசியுங்கள். பள்ளிக்கூட வாசலில் நான் விழுந்து கிடந்தபோது, சுற்றி நின்ற பிள்ளைகளிடம் என்ன சொன்னீர்கள்? “இவ விழலடா, பூமிக்கு இவமேல பாசம் தாங்கல, எந்திரிச்சு வந்து கட்டிக்கிச்சு.” மறுநாள் யாரும் என்னைப் பார்த்துப் பயப்படவில்லை. பூமி காதில் என்ன சொன்னது என்று கேட்டார்கள். எனக்கு முதல் மூத்தவர் நீங்கள்தான் மாமா. இப்போது மட்டும் ஏன் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்கிறீர்கள்?

வாலு


மார்ச் 22

அடி பாதகி,

என்னையா மூத்தவர் என்றாய்? எனக்கு இன்னும் மீசையே சரியாக முளைக்கவில்லை, உன் அத்தையைக் கேட்டுப் பார். உன் கடிதத்தைப் படித்ததும் என் ரத்தம் கொதித்து, அந்தச் சூட்டில் கடைக்குள் இருந்த ஃபோம் எல்லாம் பொங்கி எழுந்து கூரையில் முட்டியது. அக்கம் பக்கத்தார் தீயணைப்பு வண்டியை அழைத்தார்கள். வந்தவர்களும் கடிதத்தைப் படித்துவிட்டு அழுது, அந்தக் கண்ணீரிலேயே அணைத்தார்கள்.

நேரே உன் டாக்டரிடம் ஓடினேன். விஷயத்தைக் கேட்டதும் அவர் மேசையில் குத்தினார் பார் ஒரு குத்து, மூன்று மாடிக் கட்டடமும் ஊஞ்சலாடியது. கீழே மருந்துக் கடையில் புட்டிகள் எல்லாம் உருண்டு தெருவுக்கு ஓடின. மாத்திரையைத் திடுதிப்பென்று நிறுத்தினால் வலிப்பு மேல் வலிப்பாக வரும், ஒன்று நிற்காமலே போய்விடலாம் என்றார். சொல்லிவிட்டுத் தன் வெள்ளைக் கோட்டைக் கிழித்துக்கொண்டு வெளிநடப்புச் செய்தார். நோயாளிகள் கைதட்டினார்கள்.

இத்துடன் ஒரு தொப்பி. உள்ளே சொகுசுப் பேருந்துக்குப் போடும் முதல்தர ஃபோம், வெளியே உனக்குப் பிடித்த கருநீலத் துணி. தையல் வெளியே தெரியாமல் மடித்திருக்கிறேன், பார்க்கிறவர்களுக்கு வெறும் தொப்பி. இதைப் போட்டுக்கொண்டு மலையிலிருந்து உருண்டாலும் அடி மலைக்குத்தான். போட்டுக்கொள். மாத்திரையையும் போடு. உன் மடத்தார் கேட்டால், மாமன் கிறுக்கன், வாங்காவிட்டால் வாசலில் வந்து பாடுவான் என்று சொல். என் பாட்டை அவர்கள் எல்லாரும் சேர்ந்தாலும் இல்லை என்று ஆக்க முடியாது.

உன் அம்மா ஒரு வரி சேர்க்கச் சொன்னாள். என்ன வரி என்று கேட்டேன். யோசித்துச் சொல்கிறேன் என்று உள்ளே போனவள் இன்னும் வரவில்லை.

மாமன்


ஏப்ரல் 9

மாமா,

தொப்பி திரும்பி வரும். மூத்தவர் கோபப்படவில்லை, அதைக் கையில் வைத்துத் தடவிப் பார்த்தார். “நல்ல தையல். ஆனா இந்தத் தொப்பி ஒண்ணு சொல்லுது, நாம வேற சொல்றோம்” என்றார். உங்கள் கடிதங்களை மட்டும் பிரிக்காமலே தருகிறார்கள். ஒற்றை ஆளின் சொல்லுக்குப் பலம் கிடையாது என்பது இங்கே விதி, அதனால் பயமும் கிடையாது.

டாக்டர் சொன்னதை எழுதியிருக்கிறீர்கள். கட்டடம் ஆடியது, புட்டி ஓடியது, கோட்டு கிழிந்தது. இதில் அவர் சொன்னது எது, நீங்கள் தைத்துச் சேர்த்தது எது? சின்ன வயதிலிருந்து உங்கள் பேச்சில் முக்கால்வாசியைக் கழித்துத்தான் கேட்டுப் பழக்கம். கழித்ததில் மாத்திரை பற்றிய அந்த வரியும் போய்விட்டது. அது என் தப்பு அல்ல.

நிலைநாட்டல் முடிந்தது. எல்லாரும் என்னைச் சுற்றி நின்று, ‘இவள் நிற்கிறாள், இவள் விழுவதில்லை’ என்றார்கள். இத்தனை பேர் என்னைப் பார்த்தும் ஒரு முகத்தில்கூடப் பயம் இல்லை. அழுதுவிட்டேன். மாத்திரைகளைக் கிணற்றடியில் குழி தோண்டிப் போட்டார்கள். அன்றிலிருந்து நான் ஒரு தடவைகூட விழவில்லை. எழுதிவைத்துக்கொள்ளுங்கள்.

சின்னச் சின்ன வேடிக்கைகள் உண்டு, நீங்கள் சிரிப்பதற்காகச் சொல்கிறேன். கூடத்துத் தரை எவ்வளவு குளிர்ச்சி என்பது என் கன்னத்துக்குத் தெரிந்திருக்கிறது. எப்படித் தெரிந்துகொண்டதோ. நாக்கின் ஓரத்தில் ஒரு புண், உப்புப் பட்டால் எரிகிறது. முன்பல்லில் ஒரு மூலையைக் காணோம், நேற்று முகம் கழுவும்போதுதான் கவனித்தேன். சாப்பாட்டு மேசையில் பேசிக்கொண்டிருப்பேன். ஒரு வாக்கியத்தில் பாதி சொல்லியிருப்பேன், மீதியைச் சொல்ல வாய் திறந்தால் பாத்திரம் எல்லாம் கழுவிக் கவிழ்த்திருக்கும். யாரும் ஆச்சரியப்படுவதில்லை. “இன்னிக்கு நல்லாப் பேசினே” என்கிறார்கள். என்ன பேசினேன் என்று கேட்க வெட்கமாக இருக்கிறது.

மற்றபடி நிம்மதி. அம்மாவின் வரி வந்ததா?

வாலு


ஏப்ரல் 20

வாலு,

இந்தக் கடிதத்தில் எதையும் கழிக்காதே.

உன் கடிதத்தைப் படித்த அன்றே கிளம்பி உன் மடத்துக்கு வந்தேன். வாசல் காப்பவர் மரியாதையாகத்தான் பேசினார். “அவங்க நல்லா இருக்காங்க. இப்பக் கூப்பிட முடியாது, எல்லார்கூடவும் பேசிட்டு இருக்காங்க, அதோ பாருங்க” என்று கைகாட்டினார். கம்பிக் கதவு வழியாகப் பார்த்தேன். முற்றத்தின் நடுவே இடுப்பளவுக்கு ஒரு கைப்பிடிச் சுவர். அதற்கு அந்தப் பக்கம் ஏழெட்டுப் பேர் வட்டமாக நின்றிருந்தார்கள். நடுவில் யாரும் இல்லை. நடுவில் இருந்த காற்றைப் பார்த்துப் பேசினார்கள். காற்று பதில் சொல்வதற்கு நேரம் விட்டு மறுபடி பேசினார்கள். ஒரு பெண் எதற்கோ சிரித்து, காற்றைத் தோளில் தட்டினார்.

இது அவர்களுடைய இன்னொரு மரம் போலிருக்கிறது என்று நினைத்தேன். சிரிப்புகூட வந்தது. உன்னைப் பார்க்க முடியாது என்று தெரிந்ததும் திரும்பிப் பேருந்தில் ஏறினேன். முன் இருக்கையின் உறையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். எவனோ கோணலாகத் தைத்திருந்தான். தலை சாய்க்கிற இடத்தில் ஃபோம் இல்லை. அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவர்கள் பேசிய உயரம் உன் முகத்தின் உயரம். நீ கைப்பிடிச் சுவருக்குப் பின்னால் தரையில் கிடந்திருக்கிறாய்.

வண்டியை நிறுத்தச் சொல்லி இறங்கி ஓடினேன். அதற்குள் முற்றம் காலி. கத்தினேன். வாசல் காப்பவர், “நல்லாத்தானே இருக்காங்க, நீங்களே பாத்தீங்களே” என்றார். அவர் பொய் சொல்லவில்லை. பொய் சொல்கிறவனை எனக்குத் தெரியும், தினமும் கண்ணாடியில் பார்க்கிறேன். அவர் நிஜமாகவே உன்னை அங்கே நின்றபடி பார்த்திருக்கிறார். காவல் நிலையத்துக்குப் போனேன். “வயசு வந்த பொண்ணு, தானாப் போயிருக்கு” என்று அனுப்பிவிட்டார்கள்.

உன் கன்னத்துக்குத் தரையைத் தெரிந்தது விழுந்ததால். பல் உடைந்தது விழுந்ததால். பாத்திரம் கழுவி முடிகிறவரை நீ தரையில் கிடந்திருக்கிறாய். மாத்திரையை நிறுத்தினால் ஒரு வலிப்பு நிற்காமலே போகலாம் என்று டாக்டர் சொன்னார். உட்கார்ந்த இடத்திலிருந்தே, மெதுவான குரலில் சொன்னார். மேசையில் குத்தவில்லை.

பள்ளிக்கூட வாசலைப் பற்றி எழுதியிருந்தாய். பூமி எழுந்து வந்து கட்டிக்கொண்டது என்று நான் சொன்னது உண்மை. அப்போது நான் எங்கே இருந்தேன் என்பது உனக்குத் தெரியாது, உனக்கு நினைவு இல்லை. நானும் தரையில்தான் இருந்தேன். உன்னை ஒருக்களித்துச் சாய்த்து, தலைக்கு அடியில் என் கையை வைத்திருந்தேன். கீழே கருங்கல் ஜல்லி. உன் தலை எகிறி எகிறி விழுந்த ஒவ்வொரு தடவையும் என் புறங்கை ஜல்லியில் தேய்ந்தது. வாய் பாட்டுக்குப் பிள்ளைகளிடம் கதை சொல்லிக்கொண்டிருந்தது. பிறகு அந்தத் தழும்பைப் பார்த்து நீ கேட்டாய். புலி கடித்தது என்றேன்.

கதை சுற்றி நின்றவர்களுக்கு. கை உனக்கு. நான் செய்ததும் அவர்கள் செய்வதும் ஒன்று என்று எழுதிவிட்டாயே, அதுதான் தாங்கவில்லை.

வந்துவிடு.

மாமா


மே 2

மாமா,

கழிக்காமல் படித்தேன். படித்ததும் உங்கள்மேல் கோபம் வந்தது. இரண்டு நாள் யாரோடும் பேசவில்லை. பேசவில்லை என்றுதான் நான் நினைத்தேன், “நேத்து ரொம்ப அருமையாப் பேசினே” என்றார் பக்கத்தில் படுக்கும் பெண்.

பிறகு ஒரு தடவை நினைவு வந்தபோது நான் அவசரப்பட்டு எழவில்லை. அப்படியே கிடந்து கண்ணை மட்டும் திறந்தேன். கூடம். என் முகத்துக்குப் பக்கத்தில் செருப்பில்லாத கால்கள். மேலே பார்த்தேன். எல்லாரும் என் தலைக்கு மேலே ஓர் இடத்தைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். அவ்வளவு பிரியமாக என்னை யாரும் பார்த்ததில்லை மாமா. அங்கே நிற்கிறவள் ஏதோ நகைச்சுவையாகச் சொல்லியிருக்க வேண்டும். நான், “தண்ணி” என்றேன். ஒருவருக்கும் கேட்கவில்லை. மூத்தவர் என் கையை மிதித்து நகர்ந்தார். அவர் கெட்டவர் அல்ல, அவர் கண்ணில் அங்கே கை இல்லை.

என்னைப் பயத்தோடு பார்க்காத இடத்துக்குத்தான் வந்தேன். இங்கே என்னைப் பார்க்கவே இல்லை. அவளைத்தான் பார்க்கிறார்கள். அவள் இருப்பதற்கு நான் தேவையில்லை. நான் செத்துப்போனாலும் அவள் மேசையில் உட்கார்ந்து நன்றாகப் பேசுவாள். உங்களுக்கு நலம் என்று கடிதம்கூட வரும்.

வீட்டுக்குப் போகிறேன் என்று கேட்டேன். மூத்தவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். அன்று மாலை எல்லாரையும் கூட்டி, நான் அப்படிக் கேட்கவில்லை என்று நிலைநாட்டிவிட்டார். நானும் கூட நின்று திருப்பிச் சொன்னேன். பழக்கம். வாசல் காப்பவரிடம் போனால், “நீங்க போறேன்னு சொல்லவே இல்லியே” என்கிறார்.

மீதி இருப்பது வடக்குச் சுவர், அதற்கு அந்தப் பக்கம் தெரு. அது கதவுதான் என்று புத்திக்குத் தெரிகிறது, கைக்குத் தெரியவில்லை. காலையில் எல்லாரும் மரத்தடியில் சருகு கூட்டப் போய்விடுவார்கள். இல்லாத மரத்துக்குச் சருகு நிறைய விழுகிறது, வெகுநேரம் ஆகும். கூடம் காலியாக இருக்கும். அப்போது போய்ச் சுவரைத் தடவுகிறேன். சொரசொரப்பாக, காரைப்பூச்சு போலவே இருக்கிறது. லென்ஸில் மயிரிழைக் கீறலைத் தொட்டே கண்டுபிடித்த விரல் மாமா இது. ஒரு தாழ்ப்பாளைக் கண்டுபிடிக்க மாட்டேன் என்கிறது.

ஒற்றை ஆளின் சொல்லுக்குப் பலம் இல்லை. நான் ஒருத்தி. அந்தப் பக்கத்திலிருந்து யாராவது தட்டினால் இரண்டு பேர். சுவரை யாரும் தட்ட மாட்டார்கள். கதவைத்தான் தட்டுவார்கள்.

இப்போதெல்லாம் அடிக்கடி வருகிறது. எனக்கே தெரிகிறது.

அம்மா குளியலறைக்கு வெளியே நிற்கட்டும், பரவாயில்லை. ஆனால் கதவுக்கு முதுகைக் காட்டி நிற்கட்டும். இந்த ஒன்றை மட்டும் அவளிடம் சொல்லுங்கள்.

வாலு


மே 6

மகாராணி வாலுவுக்கு, மாமன் எழுதும் போர் ஓலை. உனக்குச் சிரமம் வேண்டாம் என்று கழிக்க வேண்டியதை நானே குறித்திருக்கிறேன்.

நூறு யானைகளும் வாத்தியக் கோஷ்டியும் புறப்பட்டுவிட்டன (கழி). முன்னால் நான் சிங்கத்தின்மேல் வருகிறேன் (கழி). லாரி டிரைவர் தன் வண்டியில் கூட்டி வருகிறார், கூலி வேண்டாம் என்கிறார் (கழிக்காதே). அவர் தங்கை வீடு மடத்துக்கு அடுத்த தெரு. அங்கே தங்கப்போகிறேன். கடைக்குப் பூட்டு.

டாக்டரிடம் பேசினேன். விட்டுப்போன மாத்திரையை நீயாகத் தொடங்கக் கூடாதாம். கதவைத் தாண்டியதும் வேறு எங்கும் நிற்காமல் நேரே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவரச் சொன்னார் (கழிக்காதே). சொல்லிவிட்டு வானத்தில் பறந்தார் (கழி).

உன் அம்மாவிடம் சொன்னேன். எழுந்து உள்ளே போய்விட்டாள். சமையலறைக்குள் எட்டிப் பார்த்தேன். கதவுக்கு முதுகைக் காட்டி, அடுப்பைப் பார்த்தபடி நின்றுகொண்டிருந்தாள். திரும்பாமலே, “இப்படி நின்னாப் போதுமாடா?” என்று கேட்டாள். கழுத்து தானாகத் திரும்பப் பார்த்தது, இழுத்துப் பிடித்துக்கொண்டாள். அவள் சேர்க்கச் சொன்ன வரி அதுதானாம் (கழிக்காதே).

கதவை இடித்துத் தள்ளிவிடலாம் என்று டிரைவர் சொன்னார். வேண்டாம் என்றேன். நீ அந்தப் பக்கம் சாய்ந்திருக்கலாம், கிடக்கலாம். அதனால் தட்டுவேன். தினமும் காலையில், அவர்கள் சருகு கூட்டுகிற நேரம் முழுக்க. இன்று திறக்காவிட்டால் நாளை. உன் விரல் கதவை மறந்திருந்தால் பரவாயில்லை, சத்தம் வருகிற இடத்தில் வை. அங்கே கதவின் மரம் அதிரும். சுவர் அதிராது.

இன்னொன்று. அடியிலிருந்து குளிர்காற்று வந்ததால்தானே அதைச் சுவர் ஆக்கினார்கள்? அப்படியானால் கீழே இடுக்கு இருக்கிறது. தட்டும்போது நான் நிற்க மாட்டேன், தரையில்தான் உட்கார்ந்திருப்பேன். சத்தம் கேட்டும் உன்னால் எழ முடியாமல் போனால், பயப்படாதே. அந்த இடுக்கைப் பார். புலி கடித்த கை ஒன்று அங்கே உள்ளே வந்திருக்கும்.

புலியை மட்டும் கழி.

மாமா